அரசும் கொம்பனியும் சேர்ந்து நடத்தும் டிஜிட்டல் ஆய்வு நிறுவனம்: வன்னியில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கிளிநொச்சியில் கணினி படிப்பிக்கிறேன். கமக்காரர் அமைப்புக் கூட்டத்திலும், பாடசாலைப் பெற்றோர் கூட்டத்திலும், ரியூசன் முடிந்து பிள்ளையைக் கூட்டிப்போக வருபவர்களிடமும் ஒரே விசயம் திரும்பத் திரும்ப வருகிறது. அரசும் தனியார் கொம்பனிகளும் காசு போட்டு, பல்கலைக்கழகமும் சேர்ந்து, டிஜிட்டல் தொழில்நுட்பங்களை ஆராய்ந்து உருவாக்கும் நிறுவனம் என்கிறார்களே, அது என்ன? அப்படி ஒன்று வன்னிக்கு வந்தால் எங்களுக்கு நல்லதா? ஒவ்வொருவருக்கும் தனித்தனியே சொன்னதை இங்கே சேர்த்து எழுதுகிறேன். கேள்விகளை அவர்கள் கேட்டபடியே விட்டிருக்கிறேன்.

உது அரசாங்கமோ, கொம்பனியோ?

இரண்டுக்கும் பங்குள்ள இடம். அது ஏன் தேவைப்பட்டது என்று சொன்னால் விளங்கும். ஒரு மாணவி கடைசி வருடத் திட்டத்துக்காக, நெல் இலையைப் படம் பிடித்தால் என்ன நோய் என்று சொல்லும் மென்பொருள் ஒன்றைச் செய்கிறாள் என்று வையுங்கள். ஆய்வுகூட மேசையில் அது வேலை செய்யும். புள்ளி கிடைக்கும், பட்டமளிப்பு நடக்கும், மென்பொருள் அவளுடைய மடிக்கணினிக்குள்ளேயே கிடக்கும். கொம்பனிக்காரர் அதை எடுத்து விற்பனைக்கு விடமாட்டார்கள். வயலில் காலைப் பனி, தூசி, பாதி நிழல், கண்ணாடி வெடித்த பழைய போன் எல்லாவற்றிலும் அது சரியாகச் சொல்லுமா என்று பார்க்க இரண்டு மூன்று வருடமும் காசும் வேண்டும். அதற்குப் பிறகும் லாபம் வருமா என்பது நிச்சயமில்லை. அந்த இரண்டு மூன்று வருட வேலையைச் செய்வதற்குத்தான் இப்படியான நிறுவனம்.

ஆராய்ச்சிக்காரர் ஒரு தொழில்நுட்பத்தின் வளர்ச்சியை 1 முதல் 9 வரை படிகளாக எண்ணுவார்கள். அமெரிக்காவின் நாசா தொடக்கி வைத்த அளவுகோல் அது. 1 என்றால் வெறும் எண்ணம், 9 என்றால் உண்மையான இடத்தில் ஓடிக் காட்டியது. பல்கலைக்கழகம் பெரும்பாலும் முதல் மூன்று படிகளில் நிற்கும். கொம்பனி ஏழுக்கு மேல்தான் கை வைக்கும். நடுவில் கிடக்கும் படிகளில் தூக்கி ஏற்றுவது இப்படியான நிறுவனத்தின் பொறுப்பு.

பிரான்ஸ் இதைப் பெரிய அளவில் செய்தது. தொழில்நுட்ப ஆய்வு நிறுவனங்கள் என்ற பெயரில் நாடு முழுக்க 8 நிறுவனங்களை ஏற்படுத்தியது. அவற்றில் பாரிசுக்குப் பக்கத்திலுள்ள சிஸ்டம்-எக்ஸ், ரென் நகரத்திலுள்ள பி-கொம் என்ற இரண்டும் 2012 இல் தொடங்கிய முழு டிஜிட்டல் நிறுவனங்கள். செலவில் ஏறத்தாழப் பாதி அரசினுடையது, பாதி கொம்பனிகளுடையது. கொம்பனிப் பொறியியலாளரும் முனைவர் பட்ட மாணவரும் ஒரே அறையில், ஒரே திட்டத்தில், வருடக்கணக்கில் வேலை செய்வார்கள். எனக்கு இதில் பிடித்தது அந்த ஒரே அறைதான். ஒப்பந்தக் கடதாசி எவ்வளவு நல்லதாக இருந்தாலும், ஆட்கள் தனித்தனிக் கட்டடத்தில் இருந்தால் ஒன்றும் நகராது.

ஜேர்மனியின் பிரவுன்கோபர் சங்கம் இன்னும் பழையது, 1949 இல் தொடங்கியது. அதன் வருமானத்தில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்குதான் அரசு கொடுக்கும் அடிப்படைப் பணம். மிச்சத்தைத் திட்டம் பிடித்து உழைக்க வேண்டும். நாங்கள் கசற்றை விட்டுப் பாட்டை எம்பி3 ஆகக் கேட்கத் தொடங்கினோமே, அந்த எம்பி3 உருவானதில் பெரும்பங்கு எர்லாங்கன் நகரிலுள்ள அவர்களுடைய நிறுவனம் ஒன்றுக்குத்தான். உரிமத்தால் வந்த காசு திரும்பவும் ஆராய்ச்சிக்குப் போனது.

எங்கட நாட்டில இப்பிடி ஒண்டும் இல்லையோ?

இருக்கிறது, ஆனால் வேறு துறையில். 2008 இல் தொடங்கிய இலங்கை நனோ தொழில்நுட்ப நிறுவனம் ஹோமாகமவில் இருக்கிறது. சுருக்கமாகச் சிலிண்டெக் என்பார்கள். அரசோடு பிராண்டிக்ஸ், டயலொக், ஹேலீஸ், லோட்ஸ்டார், மாஸ் என்று ஐந்து கொம்பனிகள் பங்கு போட்டன. மாஸ் என்றால் இங்கே எல்லோருக்கும் தெரியும். கிளிநொச்சியில் அவர்களுடைய ஆடைத் தொழிற்சாலைக்கு எத்தனையோ பிள்ளைகள் பஸ்ஸில் போய் வருகிறார்கள்.

சிலிண்டெக்கின் ஒரு வேலையைக் கமக்காரர் அறிந்து வைத்திருக்க வேண்டும். யூரியாவை ஒரு வகைக் கல்சியம் பொஸ்பேற்றின் நுண்துகள்களோடு பிணைத்து, நைதரசன் மெல்ல மெல்ல வெளியேறும்படி செய்தார்கள். சாதாரண யூரியாவை எறிந்தால் பெரும்பகுதி காற்றோடும் தண்ணியோடும் போய்விடுகிறது என்பது வயலில் நிற்பவருக்குத் தெரியும். நல்ல ஆராய்ச்சி அது. அதன் காப்புரிமை இந்திய உரக் கொம்பனி ஒன்றுக்குப் போனது. 2021 இல் இரசாயன உர இறக்குமதிக்குத் தடை வந்து, காலபோக வயலைப் பார்த்துக்கொண்டு நாங்கள் நின்றபோது அந்தக் காப்புரிமையைத்தான் நினைத்தேன். விற்றது பிழை என்று சொல்ல வரவில்லை. உரத் தொழிற்சாலை கட்ட ஆள் வேண்டும்தானே. ஆனால் பொதுக் காசும் சேர்ந்து பிறந்த ஒன்றை இந்த நாட்டு வயலுக்கு எந்த விலையில், எப்போது கொடுப்பது என்பதை ஒப்பந்தத்தின் முதல் பக்கத்திலேயே பேசியிருக்க வேண்டும் என்பது என் எண்ணம்.

தமிழ்நாட்டில் திருச்சிராப்பள்ளி இந்தியத் தகவல் தொழில்நுட்பக் கழகம் 2013 இல் தொடங்கியது. அதற்கான முதலீட்டில் மத்திய அரசு 50, மாநில அரசு 35, தொழில்துறை 15 வீதம் என்று பங்கு பிரித்தார்கள். அது முதலில் படிப்பிக்கும் இடம், ஆராய்ச்சி பிறகு. ஆனாலும் பங்கை இப்படி எண்ணில் எழுதி வைத்தது நல்ல முறை.

வன்னியில என்ன இருக்கு?

ஆட்கள் இருக்கிறார்கள். கிளிநொச்சி அறிவியல் நகரில் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தின் பொறியியல், விவசாய, தொழில்நுட்பப் பீடங்கள். கிளிநொச்சியிலேயே இலங்கை ஜேர்மன் பயிற்சி நிறுவனம். வவுனியா வளாகம் 2021 ஆவணி 1 ஆம் திகதியிலிருந்து தனிப் பல்கலைக்கழகம். விவசாயப் பீடத்துப் பிள்ளையும் பொறியியல் பீடத்துப் பிள்ளையும் ஒரே சாப்பாட்டுக் கடையில் தேத்தண்ணி குடிக்கும் ஊர் நாட்டில் எத்தனை இருக்கிறது? அவர்களைச் சம்பளம் கொடுத்து மூன்று வருடம் ஒரு பிரச்சினையோடு இருத்தி வைக்கும் இடம்தான் இல்லை. பட்டம் எடுத்ததும் கொழும்புக்கோ கடல் கடந்தோ போகிறார்கள். அவர்களைக் குறை சொல்ல எனக்கு வாயில்லை.

கொழும்பில செய்து இஞ்ச அனுப்பினால் காணாதோ?

காணாது. ஏன் என்று ஒரு குளத்தை வைத்துச் சொல்கிறேன்.

இரணைமடுவுக்குத் தண்ணி கொண்டுவருவது கனகராயன் ஆறு. அது வவுனியாப் பக்கத்திலிருந்து வடக்கே வருகிறது. கிளிநொச்சியில் வெயில் எறித்துக்கொண்டிருக்கும்போதே மேலே கொட்டிய மழை குளத்தை நோக்கி வந்துகொண்டிருக்கும். புனரமைப்புக்குப் பிறகு குளத்தின் முழு மட்டம் 36 அடி. 2018 மார்கழி 21, 22 ஆம் திகதிகளில் ஒரே இரவில் பெய்த மழையில் குளம் நிரம்பி, வான்கதவுகள் திறந்து, கிளிநொச்சி, முல்லைத்தீவு இரண்டு மாவட்டங்களும் வெள்ளத்தில் கிடந்ததை யாரும் மறந்திருக்க மாட்டார்கள். ஆற்றின் மேற்பகுதியில் நாலைந்து இடத்தில் நீர்மட்டம் அளக்கும் சென்சர் இருந்து, அதன் எண்கள் உடனுக்குடன் வந்தால், கதவு எப்போது திறக்கப்படும் என்பதைத் தாழ்நிலத்துச் சனத்துக்குச் சில மணித்தியாலம் முன்னதாகவே சொல்லலாம். மாட்டை அவிழ்த்துவிட, நெல் மூட்டையை உயர்த்தி வைக்க, வயதானவர்களைக் கூட்டிப்போக அந்த நேரம் போதும்.

சென்சர் சந்தையில் விற்கிறதுதானே என்று கேட்பீர்கள். மலிவான வகை ஒன்று காதுக்குக் கேட்காத ஒலியைத் தண்ணிக்கு அனுப்பி, அது திரும்பிவரும் நேரத்தை வைத்துத் தூரத்தைக் கணக்கிடும். ஒலி காற்றில் போகும் வேகம் வெப்பத்தோடு மாறும். 10 பாகை செல்சியஸ் பிழைத்தால், 5 மீற்றர் தூரத்தில் 8, 9 சென்ரிமீற்றர் பிழைக்கும். வன்னி வெயிலில் தகரப் பெட்டிக்குள் இருக்கும் வெப்பமும் தண்ணிக்கு மேலுள்ள காற்றின் வெப்பமும் ஒன்றில்லை. குளிரூட்டிய அறையில் சோதித்தவருக்கு இது தோன்றாது. ஒரு சித்திரை முழுக்க அணைக்கட்டில் நின்று அளந்தவருக்குத்தான் தோன்றும்.

சிறுபோகத்தையும் யோசியுங்கள். அரசாங்க அதிபர் தலைமையில் கூட்டம் கூடி, குளத்தில் இத்தனை அடி தண்ணி, ஆகவே இத்தனை ஏக்கர், ஒருவருக்கு இவ்வளவு பங்கு என்று முடிவெடுக்கிறார்கள். ஒவ்வொரு வருடமும் வாக்குவாதம். மெல்லிய சண்டை என்றும் சொல்லலாம். கடைசி வாய்க்கால் வயலுக்குத் தண்ணி போய்ச் சேருமா என்பதுதான் அடிப்படைப் பயம். வாய்க்காலில் ஓடும் தண்ணியை எல்லோரும் தங்கள் போனில் பார்க்கக் கூடியதாக இருந்தால் அந்தப் பயம் பாதியாகும். இப்படி ஒரு கேள்வி கொழும்பு அலுவலகத்தில் பிறக்காது. அங்கே சிறுபோகப் பங்குக்காக யாரும் இரவு நித்திரை முழித்ததில்லை. யானை வேலியில் கரண்ட் ஓடுகிறதா என்று இரவில் சொல்லும் சின்னக் கருவி வேண்டுமென்று கேட்பவரும் வேலிக்குப் பக்கத்தில் வீடு உள்ளவர்தான்.

முந்தியும் பெட்டி வைச்சவைதானே, என்ன நடந்தது?

இந்தக் கேள்வியைக் கேட்காத ஊர் இல்லை. நான் கண்ணால் கண்டதைச் சொல்கிறேன். எங்களுக்குக் கிட்டவுள்ள சின்னக் குளம் ஒன்றில் சில வருடங்களுக்கு முன் ஒரு திட்டத்தில் நீர்மட்டப் பெட்டி வைத்தார்கள். வாழைக்குலை கட்டி, நாடா வெட்டி, படமெல்லாம் எடுத்தார்கள். அடுத்த ஆனியில் நான் அங்கே போனபோது துருசு, அதாவது குளத்திலிருந்து வாய்க்காலுக்குத் தண்ணி விடும் கதவு, திறக்கிற ஐயா கூட்டிக்கொண்டுபோய்க் காட்டினார்.

“தம்பி, குளம் வத்தி வெடிச்சுக் கிடக்கு. உது நிரம்பியிருக்கெண்டு காட்டுது. ஏனெண்டு ஆரிட்டக் கேக்கிறது?”

நட்டுத் துருப்பிடித்திருந்தது. கழற்றிப் பார்த்தால், சென்சரின் வாயில் குளவி மண்கூடு கட்டியிருக்கிறது. அனுப்பிய ஒலி இரண்டு விரல் தூரத்திலேயே கூட்டில் பட்டுத் திரும்பிவர, தண்ணி வாய்வரைக்கும் வந்துவிட்டது என்று பெட்டி நினைத்துக்கொண்டிருந்தது. ஈர்க்கில் குச்சியால் தட்டிவிட்டேன், சரியாக அளக்கத் தொடங்கியது. ஆனால் அந்த எண் எங்கேயும் போய்ச் சேரவில்லை. திட்டம் முடிந்த மாதத்தோடு சிம் கட்டணமும் நின்றுவிட்டது. கடவுச்சொல் தெரிந்த அலுவலர் மாற்றலாகிப் போயிருந்தார்.

குளவிக்கு ஒரு வலைத்துண்டு போதும். ஐயாவின் கையில் ஒரு திறப்பும், ஒரு தொலைபேசி இலக்கமும், வருடத்துக்கு ஒரு சின்னத் தொகையும் இருந்திருந்தால் அந்தப் பெட்டி இன்றும் ஓடும். திட்டம் என்பது முடிவுத் திகதி உள்ளது, குளத்துக்கு அப்படி ஒரு திகதி இல்லை. நிரந்தர நிறுவனம் ஒன்று வேண்டும் என்று நான் கேட்பதற்கு முதற்காரணம் அந்தக் குளவிக்கூடுதான்.

கரண்டும் சிக்னலும் இல்லாத காட்டுக்குள்ள எப்பிடி?

லோரா என்று ஒரு வகை வானொலி முறை இருக்கிறது. படமோ பேச்சோ அனுப்ப முடியாது. சில எண்களை மட்டும், மிகக் குறைந்த மின்சாரத்தில், வெட்டையான இடத்தில் பல கிலோமீற்றர் தூரத்துக்கு அனுப்பும். சின்ன மின்கலம் ஒன்று வருடக்கணக்கில் தாங்கும். அடர்ந்த காட்டில் தூரம் குறையும் என்பதால் உயரமான இடத்தில், அந்த எண்களைப் பெறும் கருவி ஒன்று வேண்டும். தண்ணித் தாங்கிக் கோபுரங்கள் அதற்கு நல்லவை.

தமிழுக்கு இதில என்ன இருக்கு?

நிறைய. பாமினியிலிருந்து தொடங்குவோம். எங்கள் அலுவலகங்களில் இன்னும் எத்தனையோ பெயர்ப்பட்டியலும் கடிதமும் பாமினி எழுத்துருவில் கிடக்கின்றன. பாமினியில் தட்டிய “அம்மா” கணினிக்கு அம்மா இல்லை. ஆங்கில எழுத்துகளின் மேல் தமிழ் வடிவத்தைப் போர்த்தியது அது. எழுத்துரு இல்லாத கணினியில் திறந்தால் அர்த்தமில்லாத ஆங்கில எழுத்துகள்தான் தெரியும், தேடினாலும் பெயர் அகப்படாது. எல்லா மொழிக்கும் பொதுவான எழுத்துக் குறியீட்டு முறையான யுனிகோடில் தமிழுக்கு இடம் கிடைத்து முப்பது வருடத்துக்கு மேலாகிறது. இருந்தும் ஒரு காணிப் பதிவுப் பெயரைத் தேட இன்னமும் கட்டுக்கட்டாகப் புரட்டுகிறோம். பிழையில்லாமல், பொறுப்போடு, ஒரு மாவட்டம் முழுவதற்கும் இதை மாற்றிக் கொடுப்பது பெருமைப்படத்தக்க ஆராய்ச்சி வேலைதான். நூலகம் நிறுவனம் 2005 இலிருந்து ஈழத்து நூல்களையும் பத்திரிகைகளையும் மின்வடிவாக்கி எல்லோருக்கும் திறந்து வைத்திருக்கிறது. அது பெரும்பாலும் தன்னார்வலரின் உழைப்பு. அந்த உழைப்புக்குப் பின்னால் ஒரு ஆய்வுகூடமும் நின்றால் எவ்வளவு செய்யலாம்!

அடுத்தது பேச்சு. போனைப் பார்த்துத் தமிழில் கதைத்தால் எழுதித்தரும் மென்பொருள்கள் வந்துவிட்டன. ஆனால் அவை பெரும்பாலும் கேட்டுப் பழகியது தமிழ்நாட்டுத் தமிழ். “கதைச்சனான்”, “பேந்து வாறன்”, “உவை வந்தவை” என்றால் தடுமாறும். நாயாற்றிலோ கொக்கிளாயிலோ தோணிக்காரர் ஒருவர் காற்று எப்படி என்று தன் வாய்மொழியில் கேட்டு, விளங்கும் பதிலைப் பெற வேண்டும். அதற்கு வன்னியின் வயோதிபர், பிள்ளைகள், பெண்கள், கடற்கரையார், கமக்காரர் எல்லோருடைய குரலும் நூற்றுக்கணக்கான மணித்தியாலம் பதிவாகி, ஒவ்வொரு சொல்லும் சரியாக எழுதப்பட வேண்டும். எழுதுவதற்கு இந்தப் பேச்சைக் கேட்டு வளர்ந்த காது வேண்டும்.

எங்கட குரலும் தரவும் பேந்து ஆருக்குச் சொந்தம்?

இதைக் கேட்டது முள்ளியவளை அக்கா ஒருவர். கூட்டத்தில் இருந்த எல்லோரையும்விட அவருடைய கேள்வி கூர்மையானது.

2022 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்கத் தனிப்பட்ட தரவுப் பாதுகாப்புச் சட்டம் அரசுக்கும் தனியாருக்கும் சேர்த்தே எழுதப்பட்டது. எதற்காகச் சேகரிக்கிறோம் என்று சொன்னார்களோ அதற்கு மேல் பயன்படுத்தக் கூடாது என்பது அதன் அடிப்படை. உங்களை அடையாளம் காட்டும் குரல், பெயர், படம் எல்லாம் அதற்குள் வரும். ஆனால் குளத்தின் நீர்மட்டம், மண்ணின் ஈரம், ஒரு ஊரின் விளைச்சல் போன்றவை தனிநபர் தரவு இல்லை. அவற்றுக்கு அந்தச் சட்டம் காவல் நிற்காது. அதனால் கமக்காரர் அமைப்பு கையொப்பமிட முதல் ஒப்பந்தத்தைத் தமிழில் கேட்க வேண்டும். நாங்கள் தந்த எண்களை நாங்களே எப்போதும் இலவசமாகப் பார்க்கலாமா, கொம்பனி விலகினால் கருவி யாருடையது, அதிலிருந்து காப்புரிமை பிறந்தால் ஊருக்கு என்ன என்று எழுத்தில் இருக்கட்டும். இலங்கையில் காப்புரிமை 20 வருடம் செல்லும். ஒரு தலைமுறைக் கமம் அது.

கொம்பனிக்கு இதில என்ன லாபம்?

தனியே ஆராய்ச்சிகூடம் கட்டினால் ஆகும் செலவில் ஒரு பகுதியைக் கொடுத்து, தேர்ந்த ஆட்களோடு வேலை செய்யலாம். வருபவற்றை உரிமம் பெற்று விற்கலாம். நல்ல பிள்ளைகளை முதலே கண்டு வேலைக்கு எடுக்கலாம். லாபம் தேடி வருவதில் பிழையில்லை. எந்தக் கேள்வியை ஆராய்வது என்ற முடிவில் கொம்பனிக்கு மட்டும் கை உயர்த்தும் உரிமை இருந்தால்தான் பிழை.

துருசு திறக்கிறவையின்ர வேலை போயிடுமோ?

எண்ணைத் தருவது கருவி. கதவைத் திறப்பதா என்று தீர்மானிக்கிறவர் குளத்தை அறிந்த மனிதராகவே இருக்க வேண்டும். மேலே சொன்ன ஐயாதான் அந்தப் பெட்டி பொய் சொல்கிறது என்று முதலில் கண்டவர்.

பிள்ளை என்ன படிச்சால் இப்பிடியான இடத்தில வேலை எடுக்கலாம்?

கணிதப் பிரிவு மட்டும்தான் வழி என்று பிள்ளையை வருத்தாதீர்கள். 2013 இலிருந்து உயர்தரத்தில் தொழில்நுட்பப் பிரிவு இருக்கிறது. அதிலிருந்தும் பட்டத்துக்குப் போகலாம். தொழிற்பயிற்சியில் என்.வி.கியூ. என்ற தேசியத் தொழில் தகைமையின் 5, 6 மட்டம் எடுத்தவர் இல்லாமல் எந்த ஆய்வுகூடமும் ஓடாது: சுற்றுப்பலகை ஒட்டுபவர், பெட்டிக்கு நீர்புகா மூடி செய்பவர், கம்பம் நடுபவர். தமிழை நன்றாகப் படித்த பிள்ளைக்கும் இடமுண்டு, குரல்பதிவை எழுதும் வேலை சும்மா தட்டச்சு இல்லை. விவசாயம் படித்தவர், புவியியல் படித்தவர், சட்டம் படித்தவர் எல்லோரும் வேண்டும். ஆங்கிலத்தை மட்டும் தள்ளிப்போடக் கூடாது. ஆராய்ச்சிக் கட்டுரைகள் அதில்தான் இருக்கின்றன, அதற்குக் கூச்சப்படாமல் ஒவ்வொரு நாளும் ஒரு பக்கம் வாசிக்கட்டும்.

நிறுவனம் வரட்டும், இப்ப நாங்கள் என்ன செய்யிறது?

உங்கள் ஊர்ப் பிரச்சினையை ஒரு பக்கத்தில் எழுதி, அறிவியல் நகரிலோ வவுனியாவிலோ உள்ள பீடத்துக்குக் கொண்டுபோய்க் கொடுங்கள். கடைசி வருட மாணவருக்கு ஒவ்வொரு வருடமும் உண்மையான பிரச்சினை ஒன்று தேவை. “எங்களுக்கு அப் வேணும்” என்று எழுதாதீர்கள். “மூன்றாம் வாய்க்காலுக்குக் கிழமைக்கு இரண்டு நாள் தண்ணி வருதில்லை, ஏனெண்டு தெரியேல்லை” என்று எழுதுங்கள்.

கையில் இருக்கும் பதிவுகளையும் காப்பாற்றுங்கள். அந்தக் குளத்து ஐயா நீர்மட்டத்தை ஒவ்வொரு காலையும் பிள்ளைகளின் கொப்பியில் எழுதி வந்தவர். குமிழ்முனைப் பேனையால், அடியும் அங்குலமுமாக, பக்கத்தில் “மழை”, “சுழல் காத்து”, “கதவு ஒரு சாண்” என்று சின்னக் குறிப்போடு. எந்தச் சென்சருக்கும் இப்படியான பழைய பதிவுதான் உரைகல். என் மாணவர் இருவர் மூன்று சனிக்கிழமை அவருடைய வீட்டு விறாந்தையில் இருந்து பதினொரு கொப்பியையும் படம் பிடித்து, யுனிகோடில் தட்டச்சு செய்தார்கள். 2018 மார்கழிப் பக்கத்தில் மை கரைந்து நீலமாய்ப் பரவியிருந்தது. ஐயா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, விரலால் வரியைத் தடவித் தடவி, நினைவிலிருந்து எண்களைச் சொன்னார். இரண்டு நாளுக்கு மட்டும், “அதை விடு பிள்ளை, அண்டைக்கு நான் குளத்தடிக்குப் போகேல்லை, சனத்தை ஏத்தினனான்” என்றார். அந்த இரண்டு கட்டமும் வெறுமையாகவே இருக்கின்றன.